இன்றும் வெயில்தான்

தாய் இறந்த விடியற்காலை. ஒசாகாவிலிருந்து மகன் தாமதமாக வந்துசேர்ந்ததைச் சொல்ல மருமகள் தேடி வருகிறாள். வெளியே தனியாக நிற்கும் தந்தை பேசுவதோ விடியலின் அழகைப் பற்றி, இன்றும் வெயில் கொளுத்தப்போவதைப் பற்றி. அவ்வளவுதான் அழுகை!

யசுஜிரோ ஓசு 1953-இல் இயக்கிய ‘டோக்கியோ ஸ்டோரி’ படக்காட்சி இது. ஒனோமிச்சியிலிருந்து டோக்கியோவுக்குப் பிள்ளைகளைப் பார்க்கப் போன முதியவர்களுக்காக ஒதுக்க அந்தப் பிள்ளைகளுக்கு நேரமில்லை. அத்தாமி வெந்நீர் ஊற்று விடுதிக்கு அனுப்பிவைக்கிறார்கள். அந்நகரில் பரிவு காட்டுபவள், போரில் கணவனை இழந்த மருமகள் நொரிகோ. துக்கம் ஆறுமுன்பே அம்மாவின் கிமோனோவைக் கேட்கிறாள் மூத்த மகள். அவளைக்கூட ஓசு வில்லியாக்கவில்லை. அதுதான் நம்மை அதிகம் உறுத்துகிறது.

எழுபது வயதுத் தந்தையாக நடித்த சிஷூ ர்யூவுக்குப் படம் வெளியானபோது வயது 49.