இரண்டு தரப்பும் சந்தேகப்பட்ட கேமரா!

2004-ம் ஆண்டு பாக்தாத். சதாம் உசேன் ஆட்சி கவிழ்ந்து ஒரு வருடம்தான் ஆகியிருந்தது. குண்டுவெடிப்பும் ஆள்கடத்தலும் அன்றாடச் செய்தியாக இருந்த அந்த ஊரில், கேமராவும் கையுமாக ஒரு இளைஞர் சினிமா எடுக்கக் கிளம்பினார். அவர் பெயர் முகமது அல்-தராஜி.

1978-ல் பாக்தாத்தில் பிறந்தவர். நெதர்லாந்திலும் இங்கிலாந்திலும் சினிமா படித்தார். ஐரோப்பாவிலேயே நிம்மதியாக இருந்திருக்கலாம். ஆனால், சொந்த ஊரின் கதையைச் சொந்த ஊரிலேயே எடுக்க வேண்டும் என்று திரும்பினார். போரில் குண்டுவீச்சுக்கு உள்ளான ஒரு மனநல மருத்துவமனையின் கதைதான் அவருடைய முதல் படம். பெயர் 'அஹ்லாம்'. அரபியில் 'கனவுகள்' என்று பொருள்.

படப்பிடிப்பின்போது ஆயுதக் கும்பல் ஒன்று அவரையும் குழுவினரையும் கடத்தியது. அமெரிக்க ஆதரவு அரசுக்காகப் பிரசாரப் படம் எடுக்கிறார்கள் என்பது அவர்களின் சந்தேகம். உயிர் தப்பினால், அடுத்து அமெரிக்க ராணுவம் பிடித்துவைத்து விசாரித்தது. அவர்களின் சந்தேகமோ, தீவிரவாதிகளுக்காகப் படம் எடுக்கிறார்கள் என்பது! இத்தனைக்குப் பிறகும் படத்தை முடித்தார் தராஜி.

அவரை உலகம் திரும்பிப் பார்த்தது 'பாபிலோனின் மகன்' படத்தால். 1991 வளைகுடாப் போருக்குப் பிறகு வீடு திரும்பாத மகனைத் தேடி, 2003-ல் ஒரு குர்து மூதாட்டி பேரனோடு கிளம்புகிறார். பாட்டிக்குக் குர்து மொழி மட்டுமே தெரியும். பேரன்தான் அரபியில் பேசி வழி கேட்கிறான். சிறைச்சாலையில் தேடுகிறார்கள், மகன் இல்லை. அடுத்து அவர்கள் போவது, மனித எலும்புகளைத் தோண்டி எடுக்கும் புதைகுழிகளுக்கு.

வழியில் உதவிக்கு வருபவர், குர்துகளைக் கொன்ற படையில் இருந்த முன்னாள் ராணுவ வீரர். அது தெரிந்ததும் பாட்டி துடித்துப்போகிறார். அந்த மனிதரை மன்னிக்க முடியுமா? படத்தின் உயிரே இந்தக் கேள்விதான்.

பாட்டியாக வாழ்ந்திருப்பவர் தொழில்முறை நடிகை அல்ல. நிஜ வாழ்க்கையிலும் கணவரைப் பறிகொடுத்தவர். அந்த அழுகையில் நடிப்பு எங்கே முடிகிறது என்று நமக்குத் தெரிவதில்லை.

2010 பெர்லின் திரைப்பட விழாவில் ஆம்னெஸ்டி இன்டர்நேஷனல் விருது, அமைதிக்கான விருது இரண்டையும் வென்றது படம். ஆஸ்கருக்கு இராக் அனுப்பிய படமும் அதுதான். ஆனால், தராஜி விருதோடு நிற்கவில்லை. காணாமல் போனவர்களை அடையாளம் காண வேண்டும் என்று படத்தோடு சேர்த்து ஓர் இயக்கமும் நடத்தினார்.

2017-ல் 'பயணம்' படத்தில் இன்னும் கடினமான இடத்துக்குப் போனார். பாக்தாத் ரயில் நிலையத்தில் வெடிகுண்டோடு நிற்கும் ஒரு பெண், தான் கொல்லப்போகும் மனிதர்களின் முகங்களைப் பார்க்க நேர்ந்தால் என்ன ஆகும் என்பதே கதை.

இராக் என்றதும் நமக்கு டி.வி-யில் பார்த்த டாங்கிகளும் புகை மண்டலமும்தான் ஞாபகம் வரும். அந்தப் புகைக்கு அப்பால், மகனைத் தேடி நடக்கும் ஒரு தாயின் முகத்தைக் காட்டியிருக்கிறார் தராஜி. வாய்ப்புக் கிடைத்தால் 'பாபிலோனின் மகன்' பாருங்கள். வீட்டில் பாட்டி இருந்தால், அவரையும் பக்கத்தில் உட்காரவைத்துக்கொள்ளுங்கள்.