விரல் சுளுக்கும் நோய்க் குறியீடும்: மருத்துவக் காகிதத்தில் பார்க்க வேண்டியவை



மருத்துவ உதவி கேட்டு நம் அறக்கட்டளைக்கு வரும் கோப்புகளில் டிஸ்சார்ஜ் சம்மரி, பில், ரிப்போர்ட் எல்லாம் அடுக்கி வைக்கப்பட்டிருக்கும். கூடவே இன்சூரன்ஸ் நிறுவனத்தின் மறுப்புக் கடிதமும் இருக்கும். ஏன் மறுத்தார்கள் என்று கேட்டால், "ஆஸ்பத்திரியில் எல்லாம் சரியாகத்தான் எழுதிக் கொடுத்தார்கள்" என்பதுதான் பதில். அந்தக் காகிதங்களின் ஏதோ ஒரு கட்டத்தில் ஓர் ஆங்கில எழுத்தும் அதை ஒட்டிச் சில எண்களும் இருக்கும். எம் 65.3 என்றோ, எஸ் 63.6 என்றோ. அதை ஆஸ்பத்திரியின் உள்கணக்கு எண் என்று நினைத்துப் பலரும் படிப்பதே இல்லை. கைக்கும் விரலுக்கும் வரும் நோவுகளில் பணம் கிடைப்பதும் கிடைக்காததும் பல நேரம் அந்த முதல் எழுத்தைப் பொறுத்தே அமைகிறது.

கையைப் பற்றி மட்டும் ஏன் பேசுகிறோம்? நம் வீடுகளின் வருமானம் கையில்தான் இருக்கிறது. மேலப்பாளையம், கடையநல்லூர் பக்கம் பீடி. ஆம்பூர், வாணியம்பாடி, பேர்ணாம்பட்டு பக்கம் தோலும் ஷூ தையலும். எல்லா ஊரிலும் தையல் மிஷின். ஆண்பிள்ளைகள் வளைகுடாவில். பீடிக்கு ஆயிரத்துக்கு இவ்வளவு என்றுதான் கூலி. சுளகை மடியில் வைத்து, இலையைக் கத்தரியால் வெட்டி, சுற்றி, முனை மடித்து, நூல் கட்டும் அதே அசைவை ஒரு நாளில் எத்தனை நூறு தடவை செய்கிறோம் என்று எண்ணிப் பாருங்கள். விரல் மடங்காமல் போனால் அந்த வாரக் கூலி போயிற்று.

அந்த எழுத்தும் எண்ணும் 'ஐ.சி.டி.' எனப்படும் சர்வதேச நோய் வகைப்பாட்டின் குறியீடு. 1893இல் ஜாக் பெர்டியோன் என்ற பிரெஞ்சுப் புள்ளியியல் அறிஞர் இறப்புக் காரணங்களைப் பட்டியலிட்டதில் இது தொடங்கியது. 1948 முதல் உலக சுகாதார நிறுவனத்தின் பொறுப்பில் இருக்கிறது. இறப்புக் காரணங்களோடு நோய்களும் காயங்களும் பட்டியலில் சேர்ந்தது அப்போதுதான். இன்று நம் இன்சூரன்ஸ் படிவங்களில் இருப்பது பத்தாம் பதிப்பு. பதினோராம் பதிப்பு 2022 ஜனவரியில் நடைமுறைக்கு வந்துவிட்டது என்றாலும், நம் கைக்கு வரும் காகிதங்களில் பத்துதான் ஓடுகிறது.

பத்தாம் பதிப்பில் கை நோவுகள் ஒரே இடத்தில் இல்லை. மூன்று அத்தியாயங்களில் சிதறிக் கிடக்கின்றன. இதைப் புரிந்துகொண்டால் பாதி வேலை முடிந்தது.

எஸ் என்ற எழுத்து காயத்துக்கு. விழுந்து, இடித்து, முறுக்கி, ஒரு குறிப்பிட்ட நேரத்தில் பட்ட அடி இது. நாம் தமிழில் எல்லாவற்றையும் "சுளுக்கு" என்று ஒரே சொல்லில் சொல்லிவிடுகிறோம். குறியீடு அப்படி விடுவதில்லை. எலும்போடு எலும்பைக் கட்டி மூட்டைப் பிடித்து வைத்திருக்கும் நார் இழுபட்டால் எஸ் 63. அதில் மணிக்கட்டுச் சுளுக்கு எஸ் 63.5, விரல் சுளுக்கு எஸ் 63.6. தசையை எலும்போடு இணைக்கும் நாண் இழுபட்டாலோ கிழிந்தாலோ எஸ் 66.

எம் என்ற எழுத்து தசை, எலும்பு, மூட்டு நோய்களுக்கு. விரலை மடக்கினால் பூட்டிக்கொண்டு, விரிக்கும்போது 'டக்' என்று விடுபடுமே, அந்த 'டிரிக்கர் ஃபிங்கர்' எம் 65.3. கட்டைவிரல் பக்கம் மணிக்கட்டில் சுருக்கென்று வலிப்பது எம் 65.4. கைக்குழந்தையைத் தூக்கித் தூக்கி இளம் தாய்மார்களுக்கு வருவது பெரும்பாலும் இதுதான். கத்தரி பிடிப்பவர்களுக்கும் வரும். ஒரே வேலையைத் திரும்பத் திரும்பச் செய்வதாலும் அழுத்தத்தாலும் வரும் மென்திசுக் கோளாறுகளுக்கு எம் 70 என்று தனி வகை இருக்கிறது. தொழிலால் வருபவையும் இதில் அடங்கும் என்று வகைப்பாட்டிலேயே எழுதியிருக்கிறது.

ஜி என்ற எழுத்து நரம்புக்கு. இரவில் கட்டைவிரல், சுட்டுவிரல், நடுவிரல் மரத்துப்போய், எழுந்து கையை உதறினால் கொஞ்சம் தேவலை என்று சொல்பவர்களுக்கு மணிக்கட்டில் நரம்பு நசுங்கியிருக்கலாம். 'கார்ப்பல் டனல்' என்று டாக்டர்கள் சொல்லும் இதற்கு ஜி 56.0.

டாக்டர் சீட்டில் வெறுமனே "கை வலி" என்று மட்டும் எழுதியிருந்தால்? அதற்கும் எண் உண்டு: எம் 79.6, கைகால் வலி. மரத்துப்போவதாக மட்டும் எழுதினால் தோல் உணர்வுக் குறைகளுக்கான ஆர் 20. இவை அறிகுறிக்கான எண்கள், நோயின் பெயர் அல்ல. முதல் தடவை பார்க்கும்போது இப்படி எழுதுவது தவறும் அல்ல. ஆனால் ஆபரேஷன் பில்லோடு இந்த எண் போனால், வலிக்கு எதற்கு ஆபரேஷன் என்று இன்சூரன்ஸ்காரர் கேள்வி எழுப்புவார்.

எழுத்து மாறினால் பணம் எப்படி மாறுகிறது என்று பார்ப்போம். மருத்துவ இன்சூரன்ஸ் கிளெய்ம் படிவத்தின் இரண்டாம் பகுதியை ஆஸ்பத்திரிதான் நிரப்ப வேண்டும். முதன்மை நோய், கூடுதல் நோய், உடன் இருக்கும் நோய்கள் என்று கட்டம் கட்டமாக ஐ.சி.டி. 10 எண் கேட்டிருப்பார்கள். புதிய பாலிசியில் முதல் 30 நாள் காத்திருப்பு எல்லா நோய்க்கும் உண்டு, விபத்துக் காயத்துக்குக் கிடையாது. ஆகவே பாலிசி எடுத்த இருபதாம் நாள் படியில் வழுக்கி விரல் நாண் அறுந்த தாய்க்கு எஸ் 66 என்று பதிவானால் பணம் கிடைக்க வழி உண்டு. "நாண் கோளாறு" என்று பொதுவாக எழுதி எம் வரிசையில் ஓர் எண் விழுந்தால், "30 நாள் முடியவில்லை" என்று கடிதம் வரும். அதற்கு மேல், குறிப்பிட்ட சில நோய்களுக்குத் தனிக் காத்திருப்புக் காலம் உண்டு. அதுவும், முன்பே இருந்த நோய்க்கான காத்திருப்பும் அதிகபட்சம் 36 மாதம் வரை போகலாம். மூட்டு, நாண் கோளாறுகள் அந்தப் பட்டியலில் இருக்கின்றனவா என்பதை அவரவர் பாலிசியில் பார்த்துக்கொள்ள வேண்டும்.

சர்க்கரை நோய் உள்ளவர்கள் இந்த இடத்தைக் கவனமாகப் படியுங்கள். டிரிக்கர் ஃபிங்கரும் கார்ப்பல் டனலும் சர்க்கரை உள்ளவர்களுக்கு அதிகம் வருகின்றன. பாலிசி எடுக்கும்போது சர்க்கரையை மறைத்திருந்தால், விரலுக்கான கிளெய்மில் 'உடன் இருக்கும் நோய்' கட்டத்தில் ஈ 11 என்ற எண்ணைப் பார்த்ததும் பழைய சீட்டுகளைக் கேட்பார்கள். பாலிசியே ரத்தாகலாம். ஏஜெண்டு "அதெல்லாம் எழுத வேண்டாம்" என்று சொன்னாலும் எழுதிவிடுங்கள். கையெழுத்து உங்களுடையது, ஏஜெண்டுடையது அல்ல.

இன்னொன்றும் சொல்ல வேண்டும். பெரும்பாலான பாலிசிகள் ஓ.பி. சிகிச்சைக்குப் பணம் தருவதில்லை. விரலில் ஊசி போட்டு அனுப்பியதற்கு எந்த எண் எழுதினாலும் பயனில்லை. டிரிக்கர் ஃபிங்கர் ஆபரேஷன் அன்றே வீடு திரும்பும் வகை. 'டே கேர்' பட்டியலில் அது வருகிறதா என்று முன்கூட்டியே இன்சூரன்ஸ் டெஸ்க்கில் கேட்டுக்கொள்வது நல்லது.

ஷூ கம்பெனிகளில் வேலை செய்யும் சகோதரிகளுக்கு ஈ.எஸ்.ஐ. இருக்கும். அங்கேயும் இதே காயம்–நோய் பிரிவுதான். நோய் என்றால் விடுப்புக்குச் சராசரிக் கூலியில் 70 சதவீதம், ஆண்டுக்கு 91 நாள் வரை. அதற்குக் குறிப்பிட்ட நாட்கள் சந்தா கட்டியிருக்க வேண்டும். வேலையில் பட்ட காயம் என்றால் 90 சதவீதம். சந்தா நாள் கணக்கும் கிடையாது. மிஷினில் கை சிக்கி விரல் முறுக்கிக்கொண்டால் அன்றைக்கே சூப்பர்வைசரிடம் சொல்லி விபத்துப் பதிவேட்டில் எழுதச் செய்யுங்கள். வீட்டுக்கு வந்து எண்ணெய் தேய்த்து, நான்கு நாள் கழித்து வீக்கத்தோடு போனால், வேலையில்தான் பட்டது என்று யார் சாட்சி சொல்வார்கள்? மெல்ல மெல்ல வந்த நோவை விபத்து என்று ஏற்க வைப்பது கடினம் என்பதையும் மறைக்காமல் சொல்லிவிடுகிறோம். வீட்டிலிருந்து பீடி சுற்றும் தாய்மார்களில் பலருக்கு ஈ.எஸ்.ஐ. அட்டையே இல்லை. அவர்கள் பீடித் தொழிலாளர் அடையாள அட்டையைப் புதுப்பித்து வைத்திருந்தால் மத்திய அரசின் பீடித் தொழிலாளர் மருந்தகங்களில் காட்டலாம்.

வளைகுடாவில் இருக்கும் பிள்ளைகளுக்கு இது இன்னும் கூர்மையான விஷயம். ஐக்கிய அரபு அமீரகத்தில் பயன்படுவது பத்தாம் பதிப்பின் அமெரிக்க வடிவம். அதில் எந்தக் கை, எந்த விரல் என்பதுகூட எண்ணில் வந்துவிடும். எம் 65.331 என்றால் வலது கை நடுவிரல் டிரிக்கர் ஃபிங்கர். எஸ் 63.610 என்றால் வலது சுட்டுவிரல் சுளுக்கு. காயத்துக்கான எண்ணின் கடைசியில் ஓர் எழுத்து சேரும். ஏ என்றால் சிகிச்சை நடந்துகொண்டிருக்கிறது, டி என்றால் ஆறிவரும் காலப் பரிசோதனை, எஸ் என்றால் பழைய காயத்தின் பின்விளைவு. இடது கையில் அடிபட்டவருக்கு வலது கை எண் விழுந்தால் பில் திரும்பி வரும். சவூதியில் பயன்படுவது ஆஸ்திரேலிய வடிவம். அமீரகத்து எண்ணை வைத்து ரியாதில் இருப்பவரின் காகிதத்தைச் சரிபார்க்க முடியாது.

அமீரகத்தின் 2021ஆம் ஆண்டுத் தொழிலாளர் சட்டப்படி சாதாரண நோய் விடுப்பு ஆண்டுக்கு 90 நாள். அதில் முழுச் சம்பளம் முதல் 15 நாளுக்குத்தான், அடுத்த 30 நாளுக்குப் பாதி, மீதிக்கு ஒன்றுமில்லை. வேலையில் பட்ட காயம் என்றால் சிகிச்சைச் செலவு முதலாளியைச் சேரும். குணமாகும் வரை ஆறு மாதம் வரை முழுச் சம்பளம், அதற்கு மேலும் நீண்டால் இன்னும் ஆறு மாதம் வரை பாதி. 15 நாளுக்கும் ஆறு மாதத்துக்கும் உள்ள தூரத்தைப் பாருங்கள். நம் பிள்ளைகளோ வேலை போய்விடும் என்று பயந்து, கிளினிக்கில் "கை வலிக்குது" என்று மட்டும் சொல்லிவிட்டு வருகிறார்கள். சீட்டில் விழுவது வலிக்கான எண். பிறகு கம்பெனியிடம் எதைக் காட்டுவது? அடிபட்ட நாள், நேரம், இடம், செய்த வேலை நான்கையும் கிளினிக்கிலும் சொல்ல வேண்டும், கம்பெனிக்கு எழுத்திலும் அனுப்ப வேண்டும். வாட்ஸ்அப் செய்தியாக இருந்தாலும் அழிக்காமல் வைத்திருக்கட்டும். வீட்டு டிரைவர், வீட்டுப் பணியாளர்களுக்கு வேறு சட்டம் என்பதையும் நினைவில் வையுங்கள்.

குறியீடு எழுதுபவர் பெரும்பாலும் உங்களைப் பார்ப்பதே இல்லை. டாக்டர் எழுதியதைப் படித்து எண்ணைத் தேடிப் போடுகிறார். டாக்டர் எழுதுவது நீங்கள் சொன்னதையும் அவர் பார்த்ததையும். ஆகவே டாக்டர் முன்னால் உட்காரும் அந்த இரண்டு நிமிடம்தான் உங்கள் கையில் இருக்கிறது. எந்தக் கை, எந்த விரல், எப்போதிருந்து, திடீரென்று வந்ததா மெல்ல வந்ததா, என்ன வேலை செய்கிறீர்கள். "பீடி சுற்றுகிறேன்" என்று சொல்லக் கூச்சப்பட்டு "வீட்டில் சும்மாதான் இருக்கேன்" என்கிற தாய்மார்கள் உண்டு. சும்மா இருப்பவருக்குத் தொழில் சார்ந்த எண்ணை யாரும் எழுத மாட்டார்கள். எப்படி வந்தது என்பதற்கென்றே தனிக் குறியீடுகள் இருக்கின்றன. திரும்பத் திரும்பச் செய்யும் அசைவுக்கு எக்ஸ் 50, வேலை தொடர்பானதற்கு ஒய் 96. சொன்னால்தானே எழுதுவார்கள்?

மறுபக்கமும் உண்டு. "விழுந்ததாக எழுதிக் கொடுங்கள் டாக்டர், கிளெய்ம் கிடைக்கும்" என்று கேட்கிறவர்களும் நம்மில் இருக்கிறார்கள். பொய்ச் சீட்டில் வரும் பணம் எப்படிப்பட்டது என்பதை நாங்கள் சொல்ல வேண்டியதில்லை. உலகக் கணக்கிலும் அது நஷ்டம்தான். இரண்டு வருடமாக விரல் பூட்டுகிறது என்று பழைய ஓ.பி. சீட்டில் இருக்கும்போது நேற்று விழுந்ததாகக் காட்டினால், அந்த ஒரு கிளெய்மோடு பாலிசியும் போகும்.

உண்மையிலேயே எண் தவறாக விழுந்திருந்தால் திருத்தலாம். சிகிச்சை செய்த டாக்டரிடம், சம்மரியில் இருக்கும் நோய் விவரமும் படிவத்தில் இருக்கும் எண்ணும் ஒத்துப்போகவில்லை என்று காட்டி, லெட்டர்ஹெட்டில் விளக்கக் கடிதம் வாங்குங்கள். டிஸ்சார்ஜ் ஆகும் முன்பே பார்த்துவிட்டால் அலைச்சல் மிச்சம். மறுப்பை எழுத்தில், காரணத்தோடு கேளுங்கள். முதலில் இன்சூரன்ஸ் நிறுவனத்தின் குறைதீர்ப்புப் பிரிவுக்கு எழுத வேண்டும். அங்கே தீராவிட்டால், அல்லது 30 நாளில் பதில் இல்லாவிட்டால், சென்னையில் உள்ள இன்சூரன்ஸ் ஆம்புட்ஸ்மேனிடம் ஓராண்டுக்குள் மனுச் செய்யலாம். கட்டணம் இல்லை, வக்கீலும் தேவையில்லை.

காகிதத்தைப் படித்துச் சொல்ல ஆள் இல்லாதவர்கள் ஜும்ஆ தொழுகைக்குப் பிறகு அறக்கட்டளை அலுவலகத்துக்கு வாருங்கள். டிஸ்சார்ஜ் சம்மரி, கிளெய்ம் படிவத்தின் நகல், பாலிசி புத்தகம், முதல் தடவை காட்டிய ஓ.பி. சீட்டு நான்கையும் கொண்டுவாருங்கள். அந்தப் பழைய ஓ.பி. சீட்டைத்தான் பலர் வீட்டில் விட்டுவிட்டு வருகிறார்கள்.