கடைசி நாளை நகர்த்திய அலை

காலம் நேராக ஓடுவதில்லை, மேடும் பள்ளமுமாக அலையடித்து வருகிறது. அலை இறங்கும்போதெல்லாம் உலகத்தில் புதிதாக ஏதாவது வெடிக்கும். அது பூஜ்யத்தைத் தொடும் நாளில் காலமே தன் கணக்கை முடித்துக்கொள்ளும். 'டைம்வேவ் ஜீரோ' என்ற பெயரில் உலவிய இந்தக் கோட்பாட்டின்படி அந்த நாள் 2012 டிசம்பர் 21.

மாயன் காலண்டர் அன்றோடு முடிவதால் உலகமும் அழியும் என்ற கூத்து எல்லோருக்கும் ஞாபகமிருக்கும். பிரான்ஸில் சுமார் இருநூறு பேர் வசிக்கும் புகராஷ் கிராமத்து மலை மட்டும் தப்பிக்கும் என்று வதந்தி பரவி, மலையேறும் வழியை அதிகாரிகள் அடைக்க வேண்டியதாயிற்று. அந்தக் கூத்தோடு ஒட்டிக்கொண்டு வந்த இந்த அலைதான் எனக்குச் சுவாரசியம். காலண்டர்காரர்கள் கல்வெட்டைக் காட்டினார்கள். இவர்கள் கணக்கைக் காட்டினார்கள்.

1971இல் கொலம்பியாவின் அமேசான் காட்டுக்குள் லா சொரேரா என்ற இடத்துக்குப் போன ஒரு அமெரிக்க இளைஞருக்கு, போதைக் காளான் தின்ற நாட்களில் உதித்த யோசனை இது. ஐ சிங் என்ற பழைய சீனக் குறிநூலில் 64 குறிகள். ஒவ்வொன்றிலும் ஆறு கோடுகள், ஆக 384. பதின்மூன்று சந்திர மாதங்களைக் கூட்டினாலும் ஏறக்குறைய 384 நாள்தான். அந்த நாட்களை 64ஆல் பெருக்கினால் 67 வருஷமும் சொச்சமும். இன்னொரு முறை பெருக்கினால் 4,300 வருஷத்துக்கு மேல். பெரிய அலைக்குள் சின்ன அலை, அதற்குள் அதைவிடச் சின்னது. பெருக்கலில் ஒரு குறையும் இல்லை. இந்த மாதிரி ஆட்கள் பெருக்கலில் தப்பு செய்வதே இல்லை.

அலை எங்கே முடிகிறது என்பதில்தான் விஷயம் இருக்கிறது. ஹிரோஷிமாவில் குண்டு விழுந்த 1945 ஆகஸ்ட் 6ஐத் தொடக்கமாக வைத்து அந்த 67 வருஷச் சொச்சத்தைக் கூட்டினால் 2012 நவம்பர் நடுவில் வந்து நிற்கும். மாயன் கணக்கு டிசம்பர் 21இல் முடிவதாகத் தெரிந்ததும், கோட்பாடு ஒரு மாதம் தள்ளிப் போய் அங்கே உட்கார்ந்துகொண்டது. பிரபஞ்சத்தின் முடிவுக்கே வாய்தா!

குறிகளின் வரிசைதான் அலையின் அடித்தளம். அந்த வரிசையே ஒன்றல்ல. 1973இல் சீனாவின் மாவாங்துய் என்ற இடத்தில், கி.மு. 168இல் மூடிய கல்லறை ஒன்றிலிருந்து பட்டுத்துணியில் எழுதிய ஐ சிங் கிடைத்தது. அதே 64 குறிகள், ஆனால் வேறு வரிசையில். பிறகு 1990களில் ஒரு கணிதவியலாளர், அலையை வரையும் சூத்திரத்தில் காரணமே இல்லாத ஒரு படி இருப்பதைச் சுட்டிக்காட்டினார். அதைத் திருத்தி ஆதரவாளர் ஒருவர் புது அலை வரைந்தார். அலையின் உருவம் மாறியது. கடைசி நாள் மாறவில்லை.

இதை அறிவியலாகப் பார்க்காதீர்கள், கவிஞனின் கற்பனையாக ரசியுங்கள் என்று சொல்பவர்கள் உண்டு. ரசிக்கட்டும்.

என் கவலை கற்பனையைப் பற்றியது அல்ல, வரைபடத்தைப் பற்றியது. 1980களில் இந்த அலையை வரைய மென்பொருள் வந்த பிறகுதான் இதற்கு மவுசு கூடியது. காளான் மயக்கத்தில் சொன்னதைக் கேட்டுச் சிரித்தவர்கள்கூட, கணினித் திரையில் கோடாக ஏறி இறங்கியதைப் பார்த்ததும் யோசிக்க ஆரம்பித்தார்கள். நம் ஊர்க் கடைத்தெருவில் 'கம்ப்யூட்டர் ஜாதகம்' போர்டு தொங்க ஆரம்பித்தபோதும் இதுதான் நடந்தது. ஜோசியர் வாயால் சொன்னால் நாலு கேள்வி கேட்ட மாமா, அச்சடித்து வந்ததும் வாங்கி மடித்துப் பையில் வைத்துக்கொண்டார். இன்றைக்கு யார் வேண்டுமானாலும் கைப்பேசியிலேயே நிமிஷத்தில் ஒரு வளைகோடு வரைந்து, கீழே 'விஞ்ஞானம் நிரூபித்தது' என்று எழுதிக் குடும்ப வாட்ஸ்அப் குழுவில் போட்டுவிடலாம். பங்குச் சந்தை, மழை, சர்க்கரை நோய், கல்யாண யோகம் எல்லாவற்றுக்கும் கோடு வந்துவிட்டது. கோட்டின் இரண்டு அச்சிலும் எதை அளந்தார்கள் என்று கேட்பவரைக் காணோம்.

காலத்தையும் இடத்தையும் நிஜமாகவே அசைக்கிற அலை உண்டு. 2015 செப்டம்பர் 14 அன்று, நான்கு கிலோமீட்டர் நீளக் கைகள் கொண்ட கருவிகளில் ஈர்ப்பலை பதிவானது. கைகளின் நீளம் மாறியது ஒரு புரோட்டானின் விட்டத்தில் நூற்றில் ஒரு பங்கு அளவுகூட இல்லை. கண்டவர்கள் மாதக்கணக்கில் சரிபார்த்து, 2016 பிப்ரவரியில்தான் வாயைத் திறந்தார்கள். எந்தத் தேதியில் அலை வர வேண்டும் என்று அவர்களால் தீர்மானிக்க முடியவில்லை.

டைம்வேவ் மென்பொருளில் அந்த வசதி இருந்தது. அலை முடியும் நாளைப் பயன்படுத்துபவரே மாற்றிக்கொள்ளலாம். 2012 தாண்டியதும் சிலர் மாற்றிக்கொண்டார்கள்.