கிடார் இல்லாமல் கிடார் வாசித்தவர்!

போர்ச்சுகல் நாட்டில் ஒரு சிறை. ஆண்டு 1958. அறைக்குள் ஒரு மனிதர் இங்கும் அங்குமாக நடந்துகொண்டே இருக்கிறார். இடது கை விரல்கள் காற்றில் எதையோ அழுத்துகின்றன. வலது கை விரல்கள் எதையோ மீட்டுகின்றன. ஆனால் கையில் ஒன்றுமே இல்லை! பாவம், இவருக்குப் புத்தி பேதலித்துவிட்டது என்றே உடன் இருந்த கைதிகள் நினைத்தார்கள்.

அவருக்கு ஒன்றும் ஆகவில்லை, குட்டீஸ். மனதுக்குள்ளேயே மெட்டுப் போட்டுக்கொண்டிருந்தார்! அவர் பெயர் கார்லோஸ் பரேதஸ்.

1925ஆம் ஆண்டு கொயிம்ப்ரா என்ற ஊரில் பிறந்தவர் இவர். தாத்தா கிடார் கலைஞர். அப்பா ஆர்தூர் பரேதசும் புகழ்பெற்ற கிடார் கலைஞர். பிறகு பிள்ளை மட்டும் சும்மா இருப்பாரா?

இது நாம் சினிமாவில் பார்க்கும் ஆறு கம்பி கிடார் அல்ல, போர்ச்சுகீசிய கிடார். உடல் பேரிக்காயைப் பாதியாக வெட்டியதுபோல் இருக்கும். மொத்தம் 12 கம்பிகள், இரண்டிரண்டாக ஆறு ஜோடி. கட்டைவிரலிலும் ஆள்காட்டிவிரலிலும் நகம் போன்ற ஒன்றை மாட்டிக்கொண்டு மீட்டுவார்கள். மணி மணியாகச் சத்தம் வரும்.

இவ்வளவு திறமை இருந்தும் இசை அவருக்குப் பிழைப்பு அல்ல. லிஸ்பன் நகரின் சாவ் ஜோசே மருத்துவமனையில் குமாஸ்தாவாக இருந்தார். நோயாளிகளின் எக்ஸ்ரே படங்களை அடுக்கிப் பாதுகாப்பது அவர் வேலை! இசையை மிகவும் நேசிப்பதால், அதை வைத்துச் சம்பாதிக்க மனம் வரவில்லை என்று சொல்வாராம்.

அப்போது போர்ச்சுகலை ஆண்டவர் சலாசர் என்ற சர்வாதிகாரி. அரசை எதிர்த்தவர்களை ரகசியப் போலீஸ் பிடித்துக்கொண்டு போய்விடும். பரேதஸ், தடை செய்யப்பட்ட கம்யூனிஸ்ட் கட்சியில் இருந்தார். உடன் வேலை பார்த்த ஒருவரே காட்டிக்கொடுத்துவிட்டார். ஓராண்டுக்கு மேல் சிறைவாசம். மருத்துவமனை வேலையும் பறிபோனது.

வெளியே வந்தவரைச் சினிமா அழைத்தது. 1960இல் ஒரு குறும்படத்துக்கு இசையமைத்தார். அடுத்து, பாவ்லோ ரோஷா என்ற இளைஞர் தன் முதல் படத்தை எடுத்தார். படத்தின் பெயருக்குப் 'பசுமையான ஆண்டுகள்' என்று பொருள். கிராமத்திலிருந்து லிஸ்பனுக்கு வந்து செருப்பு தைக்கும் வேலை செய்யும் ஒரு பையனின் கதை. பெரிய நகரத்தில் அவன் தனியாகத் திணறுவதை வசனம் பாதி சொன்னது. பரேதசின் கிடார் மீதியைச் சொன்னது. 1963இல் வந்த இந்தப் படத்தோடுதான் போர்ச்சுகலின் 'புதிய சினிமா' தொடங்கியது என்பார்கள். படத்தைப் பார்க்காதவர்களுக்கும் அந்த மெட்டு தெரியும். அவ்வளவு பிரபலம்!

1965இல் மனோயல் த ஒலிவேராவின் குறும்படம் ஒன்றுக்கு இசை தந்தார். (நூறு வயதைத் தாண்டியும் படம் எடுத்தாரே, அதே ஒலிவேராதான்!) 1966இல் மீனவர்கள் வாழ்வைச் சொன்ன ரோஷாவின் இரண்டாவது படத்துக்கும் இவர்தான் இசை.

1974 ஏப்ரல் 25 அன்று ராணுவ வீரர்கள் திரண்டு சர்வாதிகார ஆட்சியை வீழ்த்தினார்கள். மக்கள் கொடுத்த கார்னேஷன் பூக்கள் துப்பாக்கி முனைகளில் பூத்திருந்தன! பரேதசுக்கும் பழைய வேலை திரும்பக் கிடைத்தது. இப்போது நாடே கொண்டாடும் கலைஞர் அல்லவா? ஆனாலும் மனிதர் பேசாமல் எக்ஸ்ரே அலமாரிகளுக்குத் திரும்பிவிட்டார். யாராவது சிறைக் கதையைக் கேட்டால் சங்கடப்படுவார். தன்னைவிட அதிகம் துன்பப்பட்டவர்கள் இருக்கிறார்கள் என்று சொல்லி, பேச்சை முடித்துவிடுவார்.

1993இல் தண்டுவட நோய் தாக்கியது. அதன்பிறகு அந்த விரல்களால் கிடாரைத் தொட முடியவில்லை. 2004 ஜூலை 23 அன்று, 79ஆம் வயதில் காலமானார்.

இதற்கிடையே 2000ஆம் ஆண்டில், அமெரிக்காவின் புகழ்பெற்ற இசைக் குழுவான குரோனோஸ் குவார்டெட், 'பசுமையான ஆண்டுகள்' மெட்டைத் தன் இசைத்தட்டில் வாசித்தது. ஆனாலும் பரேதசின் கிடாரில் அதைக் கேட்பதே தனி சுகம். வாய்ப்புக் கிடைத்தால் கேட்டுப் பாருங்கள். பின்னணியில் மெதுவாக இன்னொரு கிடாரும் கேட்கும். அதை வாசிப்பவர், பல ஆண்டுகள் பரேதசுக்குத் துணையாக இருந்த நண்பர் பெர்னாண்டோ அல்வின்.