அகிலியா தீவின் வரிப்பாறை

கிரீன்லாந்தின் தலைநகர் நூக்குக்குத் தெற்கே, சுமார் 20 கிலோமீட்டர் தொலைவில் இருக்கிறது அகிலியா என்ற சிறு தீவு. அங்கே சில மீட்டர் தடிமனே உள்ள ஒரு பாறைப்பட்டை உலகப் புகழ் பெற்றது. வெளிர்நிற குவார்ட்ஸும் கரும்பச்சை பைராக்சினும் அதில் வரிவரியாக மாறி மாறி ஓடுகின்றன.

ஆதிக் கடலடியில் படிந்த இரும்பும் சிலிக்காவும் பூமிக்குள் புதைந்து, கடும் வெப்பத்திலும் அழுத்தத்திலும் உருமாறிய பாறை இது என்றனர் ஆய்வாளர்கள். 1996-இல் ஸ்டீபன் மோய்சிஸ் குழு, இதிலுள்ள நுண்ணிய கிராஃபைட் துகள்களில் கார்பன்-13 குறைவாக இருப்பதைக் காட்டியது. உயிரினங்கள் இலேசான கார்பன்-12ஐயே அதிகம் ஈர்த்துக்கொள்ளும். ஆகவே, 385 கோடி ஆண்டுகளுக்கு முன்பே உயிர் இருந்தது என்று அக்குழு வாதிட்டது. எத்தனை துணிச்சலான முடிவு!

2002-இல் ஃபெடோ, வைட்ஹவுஸ் என்ற ஆய்வாளர்கள் இதை மறுத்தார்கள். இது படிவுப்பாறையே அல்ல; பாறைக்குழம்பு இறுகிய பாறையில் சூடான திரவங்கள் ஊடுருவியதால் உண்டான வரிகள் என்றார்கள். பாறையின் வயதும் கேள்விக்குள்ளானது. 2004-இல் வெளியான இரும்பு ஐசோடோப்பு ஆய்வு, படிவுப்பாறை என்ற கருத்துக்கு வலுச்சேர்த்தது. ஆனால் உயிரின் தடம் என்பது இன்னும் நிரூபணமாகவில்லை.