வெட்டியது தெரியாது! ஒட்டியதும் தெரியாது!

கோவையில் தொடங்கிய கத்தரிக்கோல் கதை

அன்னூர்ப் பக்கம் தறி நெய்கிறவர்களைக் கேட்டுப் பாருங்கள். பாவு இழை அறுந்தால் உடனே முடிந்துவிட்டு மேலே நெய்வார்கள். முடிச்சு வெளியே தெரிந்தால் சேலைக்கு மதிப்பில்லை. தெரியாமல் இருந்தால் அதுதான் கைத்திறன்!

சினிமாவிலும் இப்படி ஒருவர் உண்டு. அவர்தான் எடிட்டர். படத்தை வெட்டி ஒட்டுகிறவர்.

இரண்டு அடி கூடினால்...

அந்தக் காலப் படச்சுருளில் ஒரு அடிக்கு 16 சிறு படங்கள் இருக்கும். திரையில் அவை நொடிக்கு 24 வீதம் ஓடும். ஆயிரம் அடிச் சுருள் 11 நிமிடத்தில் முடிந்துவிடும்.

அழுகிற தாயை எத்தனை அடி காட்டுவது? எந்த இடத்தில் பிள்ளையின் முகத்துக்குப் போவது? இரண்டு அடி கூடினால் கொட்டாவி வரும். இரண்டு அடி குறைந்தால் கண்ணீர் வராது!

முதலில் பிரதி எடுத்த சுருளில்தான் கத்தரி போடுவார்கள். ஓரத்தைச் சுரண்டி, பசை தடவி ஒட்டுவார்கள். ஓட்டிப் பார்த்துத் திருப்தி ஆன பிறகே மூலச் சுருளில் கை வைப்பார்கள். அதில் தப்பாக வெட்டினால், போனது போனதுதான்.

கோவையில் சேர்ந்த ஜோடி

அன்னூரிலிருந்து கோவை சுமார் 30 கிலோமீட்டர். 1940-களில் கோவை ஒரு சினிமா ஊர். அங்கே சென்டிரல் ஸ்டூடியோ இருந்தது. கந்தன் ஸ்டூடியோ இருந்தது. கந்தன் ஸ்டூடியோதான் பிறகு பட்சிராஜா ஆயிற்று.

கந்தன் ஸ்டூடியோவில் படச்சுருள் கழுவும் கூடத்தைக் கவனித்தவர் கிருஷ்ணன். டைரக்டர் ராஜா சாண்டோவிடம் உதவியாளராக இருந்தவர் பஞ்சு. இருவரும் நண்பர்கள் ஆனார்கள். 1944-ல் ‘பூம்பாவை’ படத்தைச் சேர்ந்து இயக்கினார்கள். அன்று சேர்ந்த ‘கிருஷ்ணன்-பஞ்சு’ ஜோடி 50-க்கும் மேற்பட்ட படங்களைத் தந்தது.

யார் அந்த ‘பஞ்சாபி’?

1952-ல் வந்த ‘பராசக்தி’யும் இவர்கள் படம்தான். அதன் எடிட்டர் பெயர் ‘பஞ்சாபி’. வடநாட்டுக்காரர் என்று நினைக்கிறீர்களா? இல்லை. பஞ்சுவேதான்!

கோர்ட்டுக் காட்சியின் வசனத்தை ஊரே மனப்பாடம் செய்தது. பேசுகிறவர் முகத்தையே காட்டிக்கொண்டிருந்தால் அது மேடைப் பேச்சு. கேட்கிறவர் முகமும் நேரம் பார்த்து வரவேண்டும். அந்த நேரத்தைப் பார்த்தவர் பஞ்சு. ஒட்டிய இடத்தை மறைத்தார். தன் பெயரையும் மறைத்துக்கொண்டார்.

மூன்று தலைமுறை

இந்த ஜோடியிடம் உதவி எடிட்டராக இருந்தவர் பீம்சிங். கிருஷ்ணனின் தங்கையை மணந்தவர். 1961-ல் ‘பாசமலர்’ எடுத்துத் தமிழ்நாட்டையே அழவைத்த டைரக்டர் இவர்தான். கத்தரிக்கோல் பிடித்த கைக்கு, எங்கே நிறுத்தினால் கண் கலங்கும் என்று தெரியாதா?

பீம்சிங்கின் மகன் லெனினும் எடிட்டர் ஆனார். ‘உதிரிப்பூக்கள்’ (1979) அவர் தொகுத்தது. ‘நாயகன்’ (1987) வி.டி. விஜயனோடு சேர்ந்து தொகுத்தது. 2001-ம் ஆண்டின் சிறந்த டைரக்டருக்கான தேசிய விருதும் ‘ஊருக்கு நூறுபேர்’ படத்துக்காக லெனினுக்குக் கிடைத்தது.

இன்று அந்தக் கோவை ஸ்டூடியோக்கள் இல்லை. கத்தரிக்கோலும் இல்லை, பசையும் இல்லை. எல்லாம் கம்ப்யூட்டர்தான். தப்பாக வெட்டினால் ஒரு பொத்தானில் திரும்பி வந்துவிடும். ஆனால் எங்கே வெட்டுவது என்பதை இன்றும் மனிதர்தான் சொல்லவேண்டும்.

அடுத்த முறை படம் பார்க்கும்போது, ‘படத்தொகுப்பு’ என்று ஒரு வரி வரும். அந்தப் பெயரையும் எழுத்துக் கூட்டிப் படியுங்கள். நீங்கள் அழப்போவதும் சிரிக்கப்போவதும் அவர் கையில்தான் இருக்கிறது!