இரத்தம் கூறும் சாட்சி

புனே நகரத்து மழைக்காலத்தின் அழகைச் சங்கத்து அன்பர்களுக்கு நாம் எடுத்துரைக்க வேண்டுவதில்லை. சிங்ககட் மலைமீது முகில் தவழ்வதும், முட்டா ஆறு இரு கரையும் தொட்டு ஓடுவதும் கண்கொள்ளாக் காட்சிகளே. ஆயினும் அம்மழை விட்டுச் செல்லும் தேங்கிய நீரும், அதிற் பிறக்கும் கொசுவும், கொசுவின் பின்னே வரும் காய்ச்சலும் ஆண்டுதோறும் தவறாமல் நம் வீட்டு வாசலுக்கு வந்துவிடுகின்றன.

சென்ற ஆண்டு ஆவணி மாதத்தில் நம் இளைய மகனுக்குக் காய்ச்சல் கண்டது. மறுநாளே அருகிலிருந்த இரத்தப் பரிசோதனைக் கூடமொன்றுக்கு அழைத்துச் சென்றோம். அரை மணி நேரத்தில் ஒரு காகிதம் கைக்கு வந்தது. டெங்கு இல்லை என்று அதில் கண்டிருந்தது. தெய்வத்துக்கு நன்றி கூறி, கஞ்சியும் காய்ச்சல் மாத்திரையுமாக நாட்களைக் கடத்தினோம். ஐந்தாம் நாள் இரவு சிறுவன் வயிற்றைப் பிடித்துக்கொண்டு துடித்தான். கை கால்களில் செம்புள்ளிகள் தோன்றின. பதறிப்போய் டாக்டரிடம் ஓடினோம். அவர் மராத்தியர், நம்முடன் இந்தியில் பேசுவார். காகிதத்தைப் பார்த்துவிட்டு அவர் கேட்டவை இரண்டே கேள்விகள். "காய்ச்சல் கண்ட எத்தனையாம் நாள் இரத்தம் எடுத்தார்கள்? இரத்தத்தில் எதைத் தேடினார்கள்?" முதற்கேள்விக்கு விடை சொன்னோம். இரண்டாவது கேள்வியின் பொருளே நமக்கு விளங்கவில்லை.

மறுநாள் மருத்துவமனையில் எடுத்த பரிசோதனையில் டெங்கு என்று உறுதியாயிற்று. நான்கு நாட்கள் சிறுவனுக்கு நரம்பு வழியே நீர் ஏற்றினர். பிழைத்துக்கொண்டான். கட்டிலருகே அமர்ந்திருந்த நம் இல்லத்தரசி, "என்னங்க, அப்படியானால் முதலில் கொடுத்த காகிதம் பொய்யா?" என்று கேட்டார். மெட்ரிகுலேஷன் தேறி இரயில்வேயில் பார்சல் கணக்கு எழுதும் குமாஸ்தாவாகிய நமக்கு அதற்கு உடனே மறுமொழி கூறும் அறிவு இருக்கவில்லை. பின்னர் டாக்டரிடமும் நூல்களிடமும் கேட்டறிந்ததையே இங்கு எழுதுகிறோம்.

அந்தக் காகிதம் பொய்யன்று. கேட்ட கேள்விக்கு அது உண்மையான விடையையே தந்தது. கேள்விதான் காலம் தப்பிக் கேட்கப்பட்டது.

வைரஸ் என்னும் நச்சுயிரி உடலுட் புகும்போது தனக்கே உரிய புரதங்களைத் தாங்கி வருகிறது. பார்சலின்மீது ஒட்டிய சீட்டைக் கண்டு அது எந்த ஸ்டேஷனிலிருந்து வந்தது என நாம் அறிவது போல, அப்புரதங்களைக் கொண்டு உடல் அதனை அந்நியன் என்று அறிகிறது. இவற்றுக்கே ஆன்டிஜென் என்று பெயர். அந்நியனை அறிந்துகொண்ட உடல், அவனைப் பற்றிப் பிடிப்பதற்கென்றே அளவெடுத்தாற்போல் வேறு புரதங்களைச் செய்கிறது. அவையே எதிர்ப்பொருள்கள். ஆன்டிஜென் கள்வன் எனின், எதிர்ப்பொருள் அவனைப் பிடிக்கத் திரண்ட காவலர் படை. கள்வனைக் கண்டாலும் களவு நடந்ததை அறியலாம். காவலர் கூட்டத்தைக் கண்டாலும் அறியலாம். ஆனால் கள்வன் முதலில் வருகிறான். காவலர் பிறகே வருகின்றனர். நம் வீட்டில் நேர்ந்த குழப்பம் முழுவதும் இந்த இடைவெளியில் அடங்கியது.

டெங்கு வைரஸ், என்.எஸ்.1 எனப்படும் புரதமொன்றை நோயாளியின் இரத்தத்திற் கலந்துவிடுகிறது. காய்ச்சலின் முதல் நாளிலிருந்தே அதனைக் காணலாம். ஏறக்குறைய ஐந்து நாட்களுக்குப் பின் அது மறையத் தொடங்கும். எதிர்ப்பொருள்களில் முதலில் தோன்றுவது ஐ.ஜி.எம். என்னும் வகை. முதன்முறையாக டெங்கு கண்டவர்களில், ஐந்தாம் நாளில் நூற்றுக்கு எண்பது பேரிடமும், பத்தாம் நாளில் ஏறத்தாழ எல்லோரிடமும் அது காணப்படும். பின்னர் இரண்டு மூன்று மாதங்கள் இரத்தத்தில் தங்கி மறையும். அடுத்து வருவது ஐ.ஜி.ஜி.; இது நெடுங்காலம், பலருக்கு ஆயுள் முழுதும் நிலைக்கும். நம் மகனுக்கு இரண்டாம் நாளில் தேடியது ஐ.ஜி.எம். காவலர் இன்னும் புறப்படாத வேளையில் காவலரைத் தேடினால் யார் அகப்படுவர்? அன்று என்.எஸ்.1 தேடியிருக்க வேண்டும். ஐந்து நாட்களுக்குள் என்.எஸ்.1, அதன்பின் ஐ.ஜி.எம். என்பதே நம் நாட்டு அரசு மருத்துவமனைகளில் கடைப்பிடிக்கப்படும் முறை.

இவ்வித்தையின் தலைசிறந்த கூடங்களுள் ஒன்று நம் நகரத்திலேயே உள்ளது என்பது நம்மிற் பலருக்குத் தெரியாது. புனே ஸ்டேஷனிலிருந்து நெடுந்தொலைவில்லாத அம்பேத்கர் சாலையில் உள்ள தேசிய நச்சுயிரியல் நிறுவனமே அது. பல்லாண்டுகளாக அதன் வாயிலைக் கடந்து பஸ்ஸிற் சென்றுகொண்டிருந்தும், அது என்ன கட்டடம் என்று நாம் கேட்டதில்லை. இந்திய மருத்துவ ஆராய்ச்சிக் கழகமும் அமெரிக்காவின் ராக்பெல்லர் நிதியமும் சேர்ந்து 1952-ஆம் ஆண்டில் அதனை வைரஸ் ஆராய்ச்சி நிலையம் என்ற பெயரில் நிறுவின. இன்றைய பெயர் 1978-இல் வந்தது.

1957-ஆம் ஆண்டில் மைசூர் இராஜ்யத்து ஷிமோகா மாவட்டத்தில், கியாசனூர் என்னும் காட்டில் குரங்குகள் மாண்டு விழுந்தன. அக்கம்பக்கத்துக் கிராமத்தாருக்கும் கடுங்காய்ச்சல் கண்டது. குரங்குகள் சாவதைக் கேட்டதும், ஆப்பிரிக்காவின் மஞ்சட்காய்ச்சல் இந்நாட்டுக்கு வந்துவிட்டதோ என்ற அச்சம் எழுந்தது. டெல்போர்டு வொர்க் என்பாரின் தலைமையில் புனேயிலிருந்து ஆராய்ச்சியாளர் சென்றனர். வைரஸைப் பிரித்தெடுத்து, தெரிந்த வைரஸ்களின் எதிர்ப்பொருள்களோடு அதனைப் பொருத்திப் பார்த்தனர். மஞ்சட்காய்ச்சலன்று, ரஷ்ய நாட்டுக் காடுகளில் உண்ணிகளால் பரவும் மூளைக்காய்ச்சல் வைரஸுக்கு நெருங்கிய உறவு என்று தெரிந்தது. உறவு தெரிந்தவுடன் வழியும் தெரிந்தது. கொசுவை விட்டு உண்ணியைத் தேடினர்; நோயைப் பரப்பியது உண்ணியே என்று கண்டனர். ஒரு வைரஸின் குலங்கோத்திரத்தை எதிர்ப்பொருள் இவ்வாறு காட்டிக்கொடுத்தது.

அக்காலத்துப் பரிசோதனை முறை இன்றையோருக்கு வேடிக்கையாகத் தோன்றும். பெருவாத்தின் இரத்த அணுக்களோடு வைரஸைக் கலந்தால் அணுக்கள் ஒன்றோடொன்று ஒட்டிக்கொள்ளும். நோயாளியின் இரத்தத்தில் அவ்வைரஸுக்கு எதிர்ப்பொருள் இருப்பின் அவை ஒட்டா. காய்ச்சலின் தொடக்கத்தில் ஒரு முறையும், இரண்டு மூன்று வாரம் கழித்து மற்றொரு முறையும் இரத்தம் எடுத்து, எதிர்ப்பொருள் நான்கு மடங்கு ஏறியிருந்தால் நோய் இன்னதென்று தீர்மானிப்பர். தீர்ப்பு வருமுன் நோயாளி எழுந்து நடந்திருப்பார், அல்லது போயிருப்பார்.

1971-இல் ஸ்வீடன் நாட்டில் எங்வால், பெர்ல்மன் என்னும் இருவர் வெளியிட்ட எலிசா என்னும் முறை இதனை மாற்றியது. உள்ளங்கை அகலத்துப் பிளாஸ்டிக் தட்டு ஒன்றில் தொண்ணூற்றாறு சிறு குழிகள். ஐ.ஜி.எம். பரிசோதனையாயின், மனித ஐ.ஜி.எம்.மைப் பற்றும் பொருள் குழியின் அடியிற் பூசப்பட்டிருக்கும். நோயாளியின் ஸீரத்தை இட்டால் அதிலுள்ள ஐ.ஜி.எம். அனைத்தும் அங்கே ஒட்டும். பிறகு டெங்கு ஆன்டிஜெனை இடுவர். ஒட்டியவற்றுள் டெங்குக்கு உரியது இருப்பின் மட்டுமே அது நிற்கும். இல்லையேல் கழுவும் நீரோடு போய்விடும். நின்றதை அடையாளங்காண ஒரு நொதியைப் பிணைத்த மற்றொரு புரதம். இறுதியில் நிறமூட்டும் நீர். டெங்கு இருக்கும் குழி மஞ்சளாகும். இல்லாத குழி தெளிந்தே இருக்கும். இவ்வகைப் பெட்டிகளை நம் புனே நிறுவனமே செய்து, டெங்கு, சிக்குன்குனியா, ஜப்பானிய மூளைக்காய்ச்சல் ஆகியவற்றுக்காக நாடெங்கும் அரசு மருத்துவமனைகளுக்கு அனுப்பி வருகிறது.

இத்தகைய மஞ்சட்குழிகளே 1986-ஆம் ஆண்டில் நம் தமிழகத்தைத் திடுக்கிடச் செய்தன. சென்னை மருத்துவக் கல்லூரிப் பேராசிரியை சுனிதி சாலமனின் வழிகாட்டலில், மாணவி நிர்மலா சென்னையிற் சேகரித்த ஸீரங்களை வேலூர் கிறிஸ்தவ மருத்துவக் கல்லூரிக்கு எடுத்துச் சென்றார். அங்கு ஆறு குழிகள் மஞ்சளாயின. இந்தியாவில் எய்ட்ஸ் வைரஸ் கண்டறியப்பட்டது அவ்வாறே. பரிசோதனையைத் திரும்பச் செய்து, அமெரிக்காவிலும் வேறு முறையால் உறுதி செய்த பின்னரே முடிவு ஏற்கப்பட்டது. ஒரு குழியின் நிறத்தைக் கண்டே ஒருவர் தலையெழுத்தைத் தீர்த்துவிடாத அந்த நிதானம் போற்றத்தக்கது.

ஏனெனில் சாட்சி சில வேளை ஆளை மாற்றிச் சொல்லும். டெங்கு, ஜப்பானிய மூளைக்காய்ச்சல், ஸிக்கா, கியாசனூர்க் காய்ச்சல் ஆகிய யாவும் ஒரே குடும்பத்து வைரஸ்கள். அண்ணனைப் பிடிக்கச் செய்த விலங்கு தம்பி கைக்கும் ஓரளவு பொருந்திவிடும். 2021-இல் புரந்தர் வட்டத்துப் பேல்சர் கிராமத்தில் மகாராஷ்டிரத்தின் முதல் ஸிக்கா நோயாளி கண்டறியப்பட்டார். இத்தகைய நோயில் எதிர்ப்பொருளை மட்டும் நம்பாமல், வைரஸின் மரபுப்பொருளையே தேடும் பரிசோதனையும் வேண்டப்படுவது இதனாலேதான். பச்சிளங் குழந்தைகளிடம் வேறொரு மயக்கம் உண்டு. தாயின் ஐ.ஜி.ஜி. நஞ்சுக்கொடி வழியே சேய்க்குச் சென்றுவிடுவதால், எய்ட்ஸ் உள்ள தாயின் குழந்தைக்கு ஒன்றரை வயது வரை எதிர்ப்பொருட் பரிசோதனை பயன்படாது. குழந்தையின் இரத்தம் தாயின் கதையையே சொல்லும்.

கொரோனா நாட்களை நம் குடும்பங்கள் மறந்திருக்க முடியாது. 2020 ஏப்ரலில் வெளிநாட்டிலிருந்து தருவித்த விரைவு எதிர்ப்பொருள் அட்டைகள் முன்னுக்குப் பின் முரணான விடை தந்தமையால் அவற்றின் உபயோகம் நிறுத்தப்பட்டது. மே மாதத்தில் நம் புனே நிறுவனம் 'கோவிட் கவச்' என்னும் எலிசாவைச் செய்து தந்தது. இரண்டரை மணி நேரத்தில் தொண்ணூறு பேரின் இரத்தத்தைப் பார்க்கவல்லது. ஆனால் அது ஐ.ஜி.ஜி.யைக் காண்பது, இன்று நோயுள்ளவர் யார் என்பதைக் காட்டாது, நோய் எவர் எவரைத் தீண்டிச் சென்றது என்பதைக் காட்டும். அதே ஆண்டு இந்நகரில் நோய் மிகுந்திருந்த ஐந்து வட்டாரங்களில் அறிஞர்கள் எதிர்ப்பொருட் கணக்கெடுப்பு நடத்தினர். நம்மவர் வாழும் ராஸ்தா பேட்டையும் அவற்றுள் அடங்கும். ஆகஸ்டு மாதம் வெளியான முடிவின்படி, பரிசோதிக்கப்பட்டவர்களில் நூற்றுக்கு 51.5 பேரிடம் எதிர்ப்பொருள் இருந்தது. தமக்கு நோய் வந்ததே தெரியாமல் இருந்தவர் எத்தனை பேர் என்று எண்ணிப் பாருங்கள்.

மூக்கில் பஞ்சு விட்டு எடுக்கும் அட்டைப் பரிசோதனை இதற்கு நேர்மாறு. அது ஆன்டிஜென்னைத் தேடுவது. அட்டையில் இரு கோடுகள் தோன்றினால் நோய் உண்டு. மேற்கோடு அட்டை ஒழுங்காக வேலை செய்தது என்பதற்கான சான்று. அதுவே தோன்றாவிடில் அந்த அட்டையைக் குப்பையில் இட வேண்டியதுதான். வைரஸ் குறைவாயிருப்பின் அட்டைக்கு அது புலப்படாது. அறிகுறியிருந்தும் அட்டை இல்லை என்றவர்களுக்கு ஆர்.டி.பி.சி.ஆர். பரிசோதனை செய்யச் சொன்னது இக்காரணத்தால்தான்.

நம் மகனின் கதைக்கு ஒரு பின்குறிப்பு உண்டு. டெங்குவில் நான்கு வகைகள் உள்ளன. ஒன்று வந்து போனவருக்கு அதே வகை மீண்டும் வருவது அரிது. வேறு வகை வந்தால் முன்னையினும் கடுமையாக அமையக்கூடும். அப்போது ஐ.ஜி.ஜி. விரைந்து ஏறும், ஐ.ஜி.எம். குறைந்தோ காணாமலோ இருக்கலாம். ஐ.ஜி.எம்.மை மட்டும் பார்ப்பவர் மறுபடியும் டெங்கு இல்லை என்று சொல்லிவிடக்கூடும். ஆகையால் டாக்டர் சிறுவனின் மருத்துவக் குறிப்பின் முதற்பக்கத்தில், நோய் கண்ட மாதத்தையும் பரிசோதனை விவரத்தையும் சிவப்பு மையில் எழுதித் தந்தார். அதனை ரேஷன் கார்டு வைத்திருக்கும் தகரப் பெட்டியில் வைத்திருக்கிறோம். இவ்வாண்டு ஆனி மாதத்தில் மூத்தவளுக்கு உடம்பு சுட்டபோது, நம் இல்லத்தரசி நெற்றியைத் தொட்டுப் பார்த்த கையோடு நாட்காட்டியில் அன்றைய தேதியைச் சுற்றி வட்டமிட்டார்.